துணித் தடயம்: இல்லை

மதாம் சிமோன் இறந்த செய்தி வந்தபோது என் உலையில் ஓர் அச்சு சூடேறிக்கொண்டிருந்தது. காலை பத்தரை மணி. அவருடைய தம்பி அந்துவான் போனில், "செல்வம், அக்கா போயிட்டாங்க. இப்பதான். வந்துடுங்க" என்றார். வருகிறேன் என்று சொல்லிவிட்டு அங்கேயே உட்கார்ந்திருந்தேன். நான் டென்டல் லேப் வைத்திருப்பவன். மருத்துவர்கள் அளவு எடுத்து அனுப்பும் பற்களை மெழுகில் செதுக்கி உலோகத்தில் வார்த்துக் கொடுப்பது என் தொழில். உலை முழுச் சூட்டுக்கு வந்தபின் பாதியில் விட்டால் அச்சு விரிசல் கண்டுவிடும். உலோகத்தை ஊற்றி, அது ஆறுகிறவரை பார்த்துவிட்டுத்தான் கிளம்பினேன். ஒரு மணி நேரத் தாமதம். அவர் இருந்திருந்தால் இதைத் தவறாக நினைத்திருக்க மாட்டார் என்று அங்கே எல்லோரும் சொன்னார்கள். எனக்கு அது ஆறுதலாக இல்லை.

உங்களில் பலர் அவரை ரெட்டியார்பாளையத்தில் பார்த்திருப்பீர்கள். ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்கு வெயிலானாலும் மழையானாலும் கறுப்புக் குடையோடு வந்து ஓரமாக உட்காருவார். முடிந்ததும் யாரிடமும் நிற்காமல் போய்விடுவார். தெருவில் 'பிரெஞ்சுக்காரம்மா' என்றார்கள். வெளிநாட்டில் நர்ஸாக இருந்தவர் என்று சிலர் நினைத்திருந்தார்கள். அடக்கத்தன்று என் பக்கத்தில் நின்ற ஒருவர் அப்படித்தான் கேட்டார். மதாம் என்ன வேலை செய்தார், கடைசிக் காலத்தில் எதை எண்ணி வாடினார் என்பது தெரிந்தவர்கள் இங்கே இரண்டு மூன்று பேர்தான். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

அவருடைய அப்பா பிரெஞ்சுப் படையில் இருந்தவர். பன்னிரண்டு வயதில் குடும்பத்தோடு பிரான்சுக்குப் போன சிமோன், பழம்பொருள்களில் உள்ள உலோகத்தைப் பாதுகாக்கும் படிப்பை அங்கே படித்தார். பிறகு இங்கிலாந்தின் கிழக்கே ஒரு சிற்றூர் அருங்காட்சியகத்தில் வேலை கிடைத்தது. ஓய்வு பெறும்வரை அங்கேயே, ஒரே மேசையில், நுண்ணோக்கியின் முன்னால் உட்கார்ந்திருந்தார். அவர் கைக்கு வந்தவை பெரும்பாலும் ஆங்கிலோ-சாக்சன் பெண்களின் ஊக்குகள்.

ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளுக்கு முன் கடல் தாண்டி வந்து இங்கிலாந்தில் குடியேறியவர்கள் அந்த மக்கள். அவர்களுடைய பெண்கள் குழல்போன்ற நீண்ட உடையை இரண்டு தோளிலும் ஊக்குப் போட்டுப் பிணைத்துக்கொள்வார்கள். இறந்தால் அதே உடையோடு, அதே ஊக்குகளோடு புதைப்பது வழக்கம். ஊக்கு என்றால் சாதாரணமானதல்ல. வெண்கலத்தில் வார்த்து, சுருள் சுருளாகக் கோலம் செதுக்கி, பாதரசத்தில் கரைத்த பொன்னை மேலே பூசியிருப்பார்கள். வசதியானவர்களுடையது முழுப் பொன். அதில் நூல் கனத்தில் பொன் சுவர் எழுப்பி, அறை அறையாகப் பிரித்து, ஒவ்வோர் அறையிலும் சிவப்புக் கல்லைத் தேய்த்துப் பதித்திருப்பார்கள். கல்லுக்கு அடியில் கட்டம் போட்ட பொன் தகடு ஒன்று இருக்கும். உள்ளே புகுந்த வெளிச்சம் அதில் பட்டுத் திரும்பி வரும். இதையெல்லாம் 'புரூச்' என்றோ 'நகை' என்றோ நான் சொன்னால் மதாமுக்குப் பிடிக்காது. "ஊக்குன்னே சொல்லுங்க. நம்ம சேலைக்குக் குத்தறோமே, அதான். நகைன்னு சொன்னீங்கன்னா எத்தினி பவுன்னு கேப்பாங்க" என்பார்.

ஓய்வுபெற்று ஊர் திரும்பிய அவர் முதன்முதலில் என் லேபுக்கு வந்தது ஒன்பது ஆண்டுகளுக்கு முன். கைப்பையிலிருந்து கைக்குட்டையில் சுற்றிய இரண்டு வட்டமான பிளாஸ்டர் வார்ப்புகளை எடுத்து மேசைமேல் வைத்தார். ஓரம் உயர்ந்து, சின்ன சாசரைப் போல இருந்தன. ஒரே பெண்ணின் இரண்டு தோள்களில் இருந்த ஊக்குகளின் நகல்கள் அவை. "இது ரெண்டும் ஜோடி. ஒரே அச்சா, வேற வேறயான்னு இருவது வருஷமா யோசிச்சுக்கிட்டு இருக்கேன். நீங்க தினம் வார்க்கிறவரு. பாத்துச் சொல்லுங்க" என்றார்.

எனக்கு அந்தக் காலமும் தெரியாது, அந்த ஊரும் தெரியாது. ஆனால் ஒரு பொருளிலிருந்து அச்செடுத்து வார்த்தால் நகல் மூலத்தைவிடக் கொஞ்சம் சுருங்கும் என்பது தெரியும். அந்தச் சுருக்கத்தோடு மல்லுக்கட்டுவதுதான் என் பிழைப்பு. அளவுகோலை எடுத்து இரண்டையும் எட்டு இடங்களில் அளந்தேன். ஒன்று எல்லா இடத்திலும் மற்றதைவிட மயிரிழை சிறியதாக இருந்தது. "இதைப் பாத்து அதைச் செய்யல மதாம். பெரிசையே மண்ணுல அமுக்கி அச்செடுத்துச் சின்னதை வார்த்திருக்காங்க. ரெண்டாவது மொதலாவதோட புள்ள" என்றேன்.

மதாம் அளவுகளை நானே இன்னொரு முறை எடுக்கும்படி செய்தார். பிறகு அவரே எடுத்தார். கடைசியில், "அலோர், அப்படின்னா இருவது வருஷம் போச்சு. மொதல்லயே ஒரு பல் கட்டறவரைக் கேட்டிருக்கணும்" என்றார். அதன்பிறகு வாரத்துக்கு இரண்டு நாள் மாலையில் வருவார். ஓரத்தில் அவருக்கென்று ஒரு நாற்காலி. நான் வேலை பார்ப்பேன், அவர் வரைந்துகொண்டிருப்பார். பல நாள் இரண்டு பேரும் பத்து வார்த்தைகூடப் பேசியிருக்க மாட்டோம்.

அவரோடு பழகுவது எளிதல்ல. ஒருமுறை நகரத்தில் ஓர் அமைப்பு அவரைப் பேச அழைத்தது. நான்தான் ஸ்கூட்டரில் அழைத்துப் போனேன். அந்த ஊக்குகளில் உள்ள சிவப்புக் கற்கள் பலவும் இந்தியாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் கப்பலேறிப் போனவை என்று ஆராய்ச்சியாளர்கள் சொல்வதை விளக்கினார். கூட்டம் நிமிர்ந்து உட்கார்ந்தது. தலைவர் எழுந்து, "அப்ப நம்ம அரிக்கமேட்டுலேருந்துதான் போயிருக்குது. அதை நீங்க ஒரு வார்த்தை அடிச்சுச் சொல்லணும் மேடம்" என்றார். பழைய துறைமுகமான அரிக்கமேட்டில் கல்மணி செய்தார்கள், ஆனால் இந்தக் கற்கள் அங்கிருந்து போனதற்குச் சான்று இல்லை, அதனால் தனக்குத் தெரியாது என்றார் மதாம். தலைவர் விடவில்லை. "போயிருக்கலாம்னாவது சொல்லுங்களேன்." மதாம் ஒலிபெருக்கியைக் கையால் தள்ளி வைத்துவிட்டு, "தெரியாததைத் தெரியாதுன்னு எழுதறதுக்குத்தான் அங்க எனக்கு வேலையே" என்றார். கைதட்டல் இல்லை. போர்த்துவதற்கென்று வைத்திருந்த சால்வை மேசையிலேயே கிடந்தது. மறுபடி யாரும் அவரைக் கூப்பிடவில்லை.

திரும்பி வரும்போது நான் சிரித்துக்கொண்டே வந்தேன். பின்னால் உட்கார்ந்திருந்த அவர் சிரிக்கவில்லை. ஏன் என்று எனக்கு விளங்கியது சென்ற ஆண்டு மழைக்காலத்தில்தான்.

அன்று மதியம் கரண்ட் போயிருந்தது. தெருவில் முழங்கால் அளவு தண்ணீர். வாடிக்கையாளர் யாரும் வரப்போவதில்லை என்பதால் இருவரும் சன்னலோரம் உட்கார்ந்திருந்தோம். பேச்சுக்கு நான்தான், "இத்தினி வருஷத்துல ஏதாவது பொருளை உடைச்சிருக்கீங்களா மதாம்?" என்று கேட்டேன். விளையாட்டாகக் கேட்டதுதான். "உடைக்கல. அதைவிட மோசமா ஒண்ணு செஞ்சிருக்கேன்" என்றார்.

அவர் வேலையில் சேர்ந்த இரண்டாம் ஆண்டு. வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. ஓர் இடுகாட்டில், நாற்பத்து மூன்று என்று எண் போட்ட குழியிலிருந்து எடுத்த ஊக்கு அவர் மேசைக்கு வந்தது. முன்பக்கம் பொன் பூச்சு தெரிந்தது. பின்பக்கம், இரும்பு முள் இருக்கும் இடத்தில், பச்சையும் பழுப்புமாகத் துரு கெட்டித்திருந்தது. கண்காட்சி நெருங்கிவிட்டது, வெள்ளிக்கிழமைக்குள் இரண்டு பக்கமும் சுத்தமாக இருக்க வேண்டும் என்று மேலதிகாரி சொல்லிவிட்டார். சிமோன் நுண்ணோக்கியில் வைத்துப் பார்த்தார். துருவுக்குள் நூல்கள் தெரிந்தன.

"துணி மக்கறதுக்குள்ள துரு அதைப் புடிச்சுக்கும் செல்வம். நூல் போயிடும், நூலோட உருவம் அப்படியே நிக்கும். அந்தப் பொம்பள கடைசியா உடுத்தியிருந்ததுல ஒலகத்துல மிச்சம் இருந்தது அவ்வளவுதான். என் சுண்டுவிரல் நகம் அகலத்துக்கு. நான் பாத்தேன்."

"அப்புறம்?"

"வியாழக்கிழம ஆயிடுச்சு. சொன்னா நிறுத்தி வெக்கணும், படம் புடிக்கணும், வேற ஊர்லேருந்து ஆள் வரணும். அவரு என்ன சொல்லுவாரோன்னு பயம். கத்தியை எடுத்துச் சுரண்டிட்டேன்."

ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு படிவம் உண்டாம். அதில் 'துணித் தடயம்' என்று ஒரு கட்டம். அதில் அவர் 'இல்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

அதோடு போயிருந்தால் அது அவருடைய மனத்துக்குள்ளேயே இருந்திருக்கும். சில ஆண்டுகள் கழித்து அந்த இடுகாட்டைப் பற்றி ஓர் ஆய்வாளர் பெரிய புத்தகம் எழுதினார். அங்கே புதைக்கப்பட்ட மற்றப் பெண்களின் ஊக்குகளில் எல்லாம் துணியின் தடயம் இருக்கிறது, நாற்பத்து மூன்றாம் குழியில் மட்டும் இல்லை. ஆகவே இவள் அந்த உடையை உடுத்தியவள் அல்ல, ஊக்கைச் சும்மா உடல்மேல் வைத்திருக்கிறார்கள், வேறெங்கிருந்தோ வந்து உறவின்றி இறந்த அயலாளாக இருக்கலாம் என்று அவர் எழுதினார். பின்னால் வந்தவர்களும் அதையே எடுத்து எழுதினார்கள்.

"நானே அங்க அசலூர்க்காரி" என்றார் மதாம். "அவ அந்த ஊர்ல பொறந்து வளந்தவளா இருப்பா. ஆத்தா நெய்ஞ்ச துணியைக் கட்டியிருப்பா. அவளையும் அசலூர்க்காரி ஆக்கிட்டேன்."

அந்த நெசவு எப்படி இருந்தது என்று கேட்டேன். சாய்வு நெசவு, இரண்டு நூலுக்கு மேல், இரண்டு நூலுக்குக் கீழ் என்றார். உடனே தலையை ஆட்டினார். "அதுவும் உறுதியில்ல. நாப்பது வருஷமா அதையே நெனச்சு நெனச்சு, நெசமா பாத்ததா, நானா நெய்ஞ்சதான்னு தெரியல."

இங்கே நான் செய்த தவற்றைச் சொல்ல வேண்டும். அவர் அழுதுவிடுவாரோ என்று பயந்து, ஆறுதல் என்று நினைத்துக்கொண்டு, "விடுங்க மதாம். அவ செத்து ஆயிரத்தைந்நூறு வருஷம் ஆவுது. யாருக்கு என்ன இப்ப?" என்றேன். அவர் என்னை ஒரு முறை பார்த்தார். குடையை எடுத்துக்கொண்டு அந்தத் தண்ணீரில் இறங்கி நடந்து போய்விட்டார். மூன்று வாரம் வரவில்லை. போன் செய்தால் எடுக்கவில்லை.

நானே வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்தவர் பாதியாக இளைத்திருந்தார். "ஆஸ்பத்திரிக்குப் போயிட்டு வந்தேன். கணையத்துல கட்டியாம். ரொம்ப நாள் இல்லன்னு நேராவே சொல்லிட்டாங்க. நல்ல டாக்டர்" என்றார். காபி போட்டுக் கொடுத்தார். அன்று நான் சொன்னதைப் பற்றி மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன்; கையமர்த்திவிட்டார். "ஒரு கடுதாசி எழுதணும். கை நடுங்குது. நீங்க அடிங்க, நான் சொல்றேன்."

எனக்கு ஆங்கிலம் சுமார்தான். அவர் ஒவ்வொரு சொல்லையும் எழுத்துக்கூட்டிச் சொல்லச் சொல்ல, அவருடைய கணினியில் தட்டினேன். ஒரு பக்கக் கடிதத்துக்கு மூன்று நாள் ஆயிற்று. குழி எண், தேதி, எந்தக் கத்தி, எந்த இடத்தில் தொடங்கி எந்த இடத்தில் முடித்தார் என்பது வரை எழுதச் சொன்னார். மேலதிகாரி அவசரப்படுத்தினார் என்று ஒரு வரி சேர்க்கலாமே என்றேன்.

"வேணாம். அவரு துணியைப் பாக்கல. பாத்தது நான்."

"உங்களை வற்புறுத்தினாரே?"

"சுத்தம் பண்ணுன்னுதான் சொன்னாரு. 'இல்லை'ன்னு எழுதச் சொல்லல."

அந்த வரி சேர்க்கப்படவில்லை. நெசவைப் பற்றிய இடத்தில், 'இதை நான் இப்போது உறுதியாகச் சொல்ல முடியாது' என்று எழுதச் சொன்னார். அனுப்பும் பொத்தானை அவரே அழுத்தினார்.

மூன்று வாரம் கழித்துப் பதில் வந்தது. அவர் இருந்த இடத்தில் இப்போது வேலை பார்க்கும் ஒரு பெண் எழுதியிருந்தார். மரியாதையான கடிதம். முள்ளின் அடியில், கத்தி எட்டாத மூலையில் ஏதாவது மிஞ்சியிருக்கலாம், ஊக்கை வெளியே எடுத்துப் பார்க்கிறோம் என்று இருந்தது. மதாம் அதை மூன்று முறை படித்தார். அடுத்த சில வாரங்கள் அவர் கொஞ்சம் சாப்பிட்டார். கட்டிலில் சாய்ந்தபடி, அந்த முள் எந்தப் பக்கம் வளைந்திருக்கும், அடியில் எவ்வளவு இடைவெளி இருக்கும் என்று காகிதத்தில் வரைந்து காட்டுவார். "இங்க என் கத்தி போயிருக்காது, இல்ல?" என்று என்னைக் கேட்பார். போயிருக்காது என்பேன்.

இரண்டாவது கடிதம் வந்த அன்று அவரால் எழுந்து உட்கார முடியவில்லை. நான் படித்துக் காட்டினேன். படங்களும் வந்திருந்தன. முள்ளின் அடியில், மூலையில், எங்கும் எதுவும் இல்லை. 'சுத்தம் செய்த பணி மிகவும் முழுமையாக இருக்கிறது' என்று அந்தப் பெண் எழுதியிருந்தார். அவர் அதைக் குத்தலாக எழுதவில்லை. உள்ளதைத்தான் எழுதினார். அந்த வரியைத் தாண்டிப் போய்விடலாமா என்று ஒரு கணம் நினைத்தேன். மதாமின் கண் திரையில் இருந்தது. படித்தேன்.

"நல்லா வேலை செஞ்சிருக்கேன்" என்றார் மதாம்.

ஆவணத்தில் ஒரு குறிப்புச் சேர்ப்பதாகவும் கடிதம் சொன்னது. துணித் தடயம் இருந்ததாகவும் அதைத் தாமே அகற்றியதாகவும் முன்னாள் பணியாளர் தெரிவிக்கிறார், சரிபார்க்க வழியில்லை, ஆகவே புத்தகத்தின் முடிவை இப்போது மாற்ற இயலாது. நான் கோபப்பட்டேன். அவர் படவில்லை. "சரியாத்தான் எழுதியிருக்குது அந்தப் பொண்ணு. நானா இருந்தாலும் இதான் எழுதுவேன்" என்று சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

கடைசி இரண்டு வாரம் பெரிய ஆஸ்பத்திரியில் இருந்தார். மருந்தின் மயக்கத்தில் பிரெஞ்சும் தமிழும் கலந்து பேசினார். ஒரு மதியம் நான் போயிருந்தபோது தெளிவாக இருந்தார். அந்துவானின் மனைவி ரோசலி பக்கத்தில் செபமாலை சொல்லிக்கொண்டிருந்தார். மதாம் என்னை அருகில் கூப்பிட்டு, "அவளுக்குப் பேர் இல்ல செல்வம். நம்பர்தான். கல்லறைத் திருநாள் பூசையில சாமியார் பேரெல்லாம் படிக்கும்போது நான் மனசுக்குள்ள நாப்பத்தி மூணுன்னு சொல்லிக்குவேன். வருஷா வருஷம். சாமிக்கு வெளங்கியிருக்குமா?" என்று கேட்டார்.

எனக்குச் சாமியைப் பற்றி அவ்வளவு தெரியாது. தெரியாது என்று சொல்லத் தைரியமும் வரவில்லை. ரோசலிதான் செபமாலையை நிறுத்திவிட்டு, "வெளங்கும் அண்ணி" என்றார். மதாம் கண்ணை மூடிக்கொண்டார். அவர் என்னிடம் கடைசியாகப் பேசியது அதுதான்.

நான் தாமதமாகப் போய்ச் சேர்ந்தபோது உடலை வீட்டுக்குக் கொண்டுவந்திருந்தார்கள். மதாமுடைய அம்மாவின் தங்கப் புரூச்சைக் குத்தி அனுப்பலாமா என்று உறவினர் ஒருவர் கேட்டார். ரோசலி வேண்டாம் என்றுவிட்டார். நீலக்கரை போட்ட வெள்ளைப் பருத்திச் சேலை. முந்தானை நழுவாமல் இருக்க ரோசலி தன் தோளிலிருந்த ஊக்கைக் கழற்றி மதாமின் தோளில் குத்திவிட்டார். சுற்றியிருந்தவர்கள் அழுதுகொண்டிருந்தார்கள். அந்தச் சின்ன இரும்பு ஊக்கைத்தான் நான் பார்த்துக்கொண்டிருந்தேன். மண்ணுக்குள் அது துருப்பிடிக்கும்.

அவருடைய கணினியையும் வரைபடங்களையும் அந்துவான் எடுத்து வைத்திருக்கிறார். யாராவது ஆய்வாளர் கேட்டால் கொடுப்பார். நான் ஒன்றும் கேட்டு வாங்கவில்லை. அவரிடமிருந்து எனக்கு வந்து சேர்ந்தது வேறொன்று.

அடக்கம் முடிந்த மறுவாரம் ஒரு மருத்துவருக்குப் போன் செய்தேன். ஆறு மாதத்துக்கு முன் அவருக்கு நான் வார்த்துக் கொடுத்த மூன்று பல் சேர்ந்த பிரிட்ஜில், இணைப்பு இடத்தில் வார்க்கும்போதே ஒரு துளை விழுந்திருந்தது. திரும்ப வார்க்க நேரமில்லாமல் அதை அடைத்து, மேலே பாலிஷ் போட்டு அனுப்பியிருந்தேன். எனக்கு மட்டும்தான் தெரியும். அதைச் சொன்னேன்.

"இத்தினி நாள் கழிச்சு இப்ப எதுக்குச் சொல்றீங்க?" என்றார் அவர்.

"நான் பாத்தேன் டாக்டர். பாத்துட்டுத்தான் அனுப்புனேன்" என்றேன்.

நோயாளி கடலூர்ப் பக்கத்தில் ஒரு பள்ளி ஆசிரியை. அவரை வரவழைத்து அதைக் கழற்றினார்கள். வலியெடுத்தது என்று கேள்விப்பட்டேன். நான் புதிதாக வார்த்துக் கொடுத்தேன். அந்த மருத்துவர் அதற்குப்பின் எனக்கு வேலை அனுப்புவதில்லை. வழியில் பார்த்தாலும் பேசுவதில்லை. மனம் லேசாகும் என்று எதிர்பார்த்திருந்தேன். ஆகவில்லை. இன்னும் இரண்டு பெயர்கள் நினைவில் இருக்கின்றன. அவர்களுக்கும் போன் செய்ய வேண்டும்.